வரையத் தெரிந்தால் கலை இயக்குநர் ஆகிவிடலாமா?

அரைக்கோடு:
எல்லோருக்கும் வணக்கம். கட்டடக் கலை படித்துவிட்டு நான்கு வருடமாக ஓர் அலுவலகத்தில் பிளான் போட்டுக்கொண்டிருக்கிறேன். சின்ன வயதிலிருந்தே படம் பார்க்கும்போது நடிகரை விட்டுவிட்டு அவருக்குப் பின்னால் இருக்கும் ஜன்னலைப் பார்க்கிற ஆள் நான். வேலையை விட்டுவிட்டு சினிமாவில் ஆர்ட் டிபார்ட்மெண்டில் சேரலாமா என்று ஆறு மாதமாக மண்டையைக் குடைந்துகொண்டிருக்கிறேன்.

கையில் கோடு சுத்தமாக வரும். அது இருந்தால் பாதிக் கிணறு தாண்டிய மாதிரிதானே? கலை இயக்குநர் என்கிறார்கள், புரொடக்‌ஷன் டிசைனர் என்கிறார்கள், இரண்டும் ஒன்றா? எல்லாவற்றையும் கம்ப்யூட்டரில் போட்டுவிடுகிற காலத்தில் இந்தத் தொழில் நிற்குமா? உள்ளே இருப்பவர்கள் இருந்தால் உள்ளதை உள்ளபடி சொல்லுங்கள்.

சுத்தியல்:
தம்பி, பதினாலு வருடமாக உள்ளேதான் இருக்கிறேன். வரையத் தெரிந்தால் வாசல் வரை விடுவார்கள். அதற்கு மேல் அதை யாரும் கேட்பதில்லை.

நான் சேர்ந்த அன்றைக்குப் பெரிய ஓவியக் கட்டைத் தூக்கிக்கொண்டு போனேன். குருநாதர் அதைத் திறந்துகூடப் பார்க்கவில்லை. ஒரு கதவைக் காட்டினார். பிளைவுட்டில் அடித்து, தேக்கு மாதிரி வரி தீட்டிய புத்தம்புதுக் கதவு. "நாளை மறுநாள் காலைக்குள் இதற்கு நாற்பது வயசு ஆகணும்" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார். நான் கருப்பையும் பழுப்பையும் கரைத்து மேலிருந்து கீழ்வரை ஒரே சீராக அடித்து வைத்தேன். அது பழைய கதவாகத் தெரியவில்லை, அழுக்கு நிறப் பெயிண்ட் அடித்த புதுக் கதவாகத் தெரிந்தது. வந்து பார்த்தவர் திட்டவில்லை. "இந்த வீட்டில் யாரெல்லாம் இருக்கிறார்கள்?" என்று கேட்டார். எனக்குத் தெரியாது. ஸ்கிரிப்டை நான் தொட்டே பார்க்கவில்லை.

அன்று ராத்திரி உட்கார்ந்து படித்தேன். ஒரு கிழவி, இரண்டு பேரன்கள். அப்புறம்தான் கதவு கண்ணுக்குத் தெரிய ஆரம்பித்தது. கிழவி படி ஏறும்போது நிலையைப் பிடித்துக்கொள்வாள், அந்த இடம் மட்டும் கை பட்டுப் பட்டு வழவழவென்று இருக்க வேண்டும். பையன்கள் காலால் உதைத்துத் திறப்பார்கள், கீழ்ப் பலகையில் வண்ணம் உதிர வேண்டும். தொங்கும் நாதாங்கி ஆடி ஆடி அரைவட்டமாக ஒரு கீறல். மழைச்சாரல் அடியிலிருந்து ஒரு சாண் உயரம் ஏறியிருக்கும், அதற்கு மேலே வெயில் வெளுப்பு. உப்புத்தாளால் முழுக்கத் தேய்த்து எடுத்துவிட்டு மறுபடி முதலிலிருந்து ஆரம்பித்தேன்.

படத்தில் அந்தக் கதவு நாலு செகண்ட் வருகிறது, அதுவும் ஃபோகஸ் இல்லாமல். இதைக் கேட்டு உங்களுக்கு வயிறு எரியவில்லை என்றால் தாராளமாக வாருங்கள்.

முதல் வரிசை:
பட்டத்தின் கதையை நான் சொல்கிறேன், எனக்குப் பிடித்த விஷயம்.

ஆரம்பத்தில் ஹாலிவுட்டில் கலை இயக்குநர் என்ற பெயர்தான் இருந்தது. முதல் ஆஸ்கர் விழா நடந்த 1929-இலேயே கலை இயக்கத்துக்குப் பரிசு உண்டு. வாங்கியவர் வில்லியம் கேமரூன் மென்சீஸ். பத்து வருடம் கழித்து அதே ஆளை 'கான் வித் த விண்ட்' படத்துக்குத் தயாரிப்பாளர் செல்ஸ்னிக் அழைத்தார். இயக்குநர்கள் நடுவில் மாறிக்கொண்டே இருந்த படம் அது. யார் வந்தாலும் போனாலும் படம் ஒரே படமாகத் தெரிய வேண்டுமே! மென்சீஸ் காட்சி காட்சியாக வரைந்து, நிறம், வெளிச்சம், கேமரா கோணம் வரை முடிவு செய்து வைத்தார். கலை இயக்குநர் என்று போட்டால் போதாது என்று செல்ஸ்னிக் கொடுத்த பட்டம்தான் புரொடக்‌ஷன் டிசைனர்.

அட்லாண்டா நகரம் எரியும் காட்சியை 1938 டிசம்பரில் எடுத்தார்கள். கதாநாயகி யார் என்பதே அப்போது முடிவாகவில்லை. எரிந்ததும் அட்லாண்டா இல்லை, ஸ்டூடியோவின் பின்புறம் கிடந்த பழைய செட்கள். முகப்பை மட்டும் மாற்றி ஒட்டிக் கொளுத்திவிட்டார்கள். அதில் 'கிங் காங்' படத்துப் பெரிய சுவரும் போயிற்று. புது செட்டுக்கு இடமும் கிடைத்தது, காட்சியும் கிடைத்தது. டிசைனர் மூளை என்று நான் நினைப்பது இதைத்தான்.

இப்போது பெரிய படங்களில் இரண்டும் தனித்தனி ஆட்கள். ஒட்டுமொத்தப் படத்தின் தோற்றத்துக்கு டிசைனர் பொறுப்பு. அவருக்குக் கீழே வரைபடம், கட்டுமானம், கணக்கு எல்லாவற்றையும் ஓட்டுபவர் கலை இயக்குநர். செட்டுக்குள் பொருள் நிரப்புவதற்குத் தனி ஆள். ஆஸ்கரும் 2012-இல் இந்த விருதின் பெயரை 'புரொடக்‌ஷன் டிசைன்' என்று மாற்றிவிட்டது.

வெட்டுக்கிளி:
அதெல்லாம் பெரிய படத்துக்கு சார். நான் வேலை செய்த படங்களில் டிசைன் போடுகிறவரும் அவரே, ஆசாரியோடு சண்டை போடுகிறவரும் அவரே, ஷூட்டிங் அன்று டம்ளரைத் துடைத்து மேஜையில் வைக்கிறவரும் அவரே. போஸ்டரில் மட்டும் புரொடக்‌ஷன் டிசைனர். விசிட்டிங் கார்டு கனத்ததே தவிர வேலை பிரியவில்லை.

இதையும் கேட்டுக்கொள்ளுங்கள் அரைக்கோடு. ஒரு படத்துக்கு ஏழு மாதம் உழைத்தேன். முதல் காட்சிக்கு வீட்டில் எல்லோரையும் கூட்டிக்கொண்டு போய் உட்கார வைத்து, கடைசிப் பெயர் ஓடி முடியும்வரை எழ விடவில்லை. என் பெயர் வரவே இல்லை. கேட்டதற்கு "டைட்டில் அடிக்கிறவன் விட்டுட்டான் பாஸ்" என்றார்கள். அவ்வளவுதான் விளக்கம்.

முதல் வரிசை:
வருத்தமாக இருக்கிறது வெட்டுக்கிளி. இதற்கு நேர்மாறாகவும் நடந்திருக்கிறது. எம்.ஜி.எம். ஸ்டூடியோவில் கலைப் பிரிவுத் தலைவராக இருந்த செட்ரிக் கிப்பன்ஸின் ஒப்பந்தப்படி, அங்கே எடுத்த அநேகமாக எல்லாப் படத்திலும் அவர் பெயர் வரும், அவர் பென்சிலைத் தொட்டாரோ இல்லையோ. பதினொரு ஆஸ்கர். அந்த ஆஸ்கர் சிலையை வடிவமைத்தவரும் அவரேதான்!

கண்ணாடிப் பெட்டி:
கேட்டவர் கட்டடக் கலை படித்தவர் என்பதால் ஜேம்ஸ் பாண்ட் படங்களுக்கு செட் போட்ட டிசைனர் கென் ஆடமைச் சொல்லாமல் இருக்க முடியவில்லை. அவரும் லண்டனில் கட்டடக் கலை படித்தவர்தான். பெர்லினில் 1921-இல் பிறந்த யூதர், நாஜிகளுக்குப் பயந்து குடும்பத்தோடு இங்கிலாந்து வந்தவர், போரில் பிரிட்டிஷ் விமானப் படையில் போர் விமானம் ஓட்டினார். போர் முடிந்ததும் ஸ்டூடியோவில் சேர்ந்தது வரைபடம் போடுகிற உதவியாளராக. ஆக, அரைக்கோடு, உங்கள் நாற்காலியிலிருந்து அந்த இடத்துக்கு ஒரு வழி இருக்கிறது.

'டாக்டர் ஸ்ட்ரேஞ்ச்லவ்' படத்தின் போர் அறை அவர் போட்டது. முதலில் மாடி வைத்து இரண்டு தளமாக வரைந்தார். இயக்குநர் குப்ரிக்குக்குப் பிடித்துவிட்டது, வேலையும் தொடங்கிவிட்டது. சில வாரம் கழித்து குப்ரிக் வந்து, "மேல் தளத்தில் யாரை உட்கார வைப்பது? என்ன செய்யப் போகிறார்கள்?" என்று கேட்டார். பதில் இல்லை. எல்லாவற்றையும் ஓரமாகப் போட்டுவிட்டு மறுபடி வரைந்ததுதான் இன்று நாம் பார்க்கிற அந்தச் சாய்ந்த சுவர், வட்ட மேஜை, மேலே ஒளி வளையம். மேஜைக்குப் பச்சைக் கம்பளித் துணி போர்த்தினார்கள். படமோ கருப்பு வெள்ளை. உலகத்தின் தலையெழுத்தை வைத்துச் சீட்டாடுகிறோம் என்று நடிகர்களுக்கு உறைக்கட்டும் என்பது குப்ரிக்கின் கணக்கு. கேமராவுக்குத் தெரியாத நிறத்துக்கும் காசு செலவழித்திருக்கிறார்கள் பாருங்கள்.

வெட்டுக்கிளி:
ஆடமுக்கு ஜேம்ஸ் பாண்ட் படத்துக்குத்தானே ஆஸ்கர்? அந்த எரிமலைக்குள் ராக்கெட் தளம்?

கண்ணாடிப் பெட்டி:
இல்லை. எரிமலை செட்டுக்கு மட்டும் அந்தக் காலத்தில் பத்து லட்சம் டாலர் ஆனது, விருது வரவில்லை. 'த ஸ்பை ஹூ லவ்ட் மீ' படத்தின் எண்ணெய்க் கப்பலுக்கு ஸ்டூடியோ கொள்ளாமல் பைன்வுட்டில் புதிதாக ஒரு கூடமே கட்டினார்கள், பரிந்துரையோடு நின்றுவிட்டது. அவருக்குக் கிடைத்த முதல் ஆஸ்கர் 'பேரி லிண்டன்' படத்துக்கு. அது ஸ்டூடியோவில் செட் போடாமல் பழைய மாளிகைகளிலேயே எடுத்த படம்! செட் மன்னனுக்கு விருது வந்தது, செட் போடாத படத்தில். அந்தப் படம் அவரை நரம்புத் தளர்ச்சியில் படுக்க வைத்தது என்பதும் உண்மை.

அரைக்கோடு:
நன்றி. ஆனால் எனக்குக் குழப்பம் கூடிவிட்டது. கட்டடம் கட்டுகிறவனுக்கு அளவுதான் தெய்வம். நீங்கள் சொல்வதைப் பார்த்தால், கட்டாமல் விடுவதுதான் திறமை போலிருக்கிறதே?

சுத்தியல்:
அதேதான். இதை நான் பட்டுத் தெரிந்துகொண்டேன். முதன்முதலில் தனியாக என்னிடம் ஒப்படைத்த செட் ஒரு சின்ன அறை. நிஜ அறை மாதிரியே இருக்கணும் என்று நாலு சுவரையும் ரீப்பர் வைத்து, மூலைக்கு மூலை ஆணி அடித்து, பிளாஸ்டர் ஆஃப் பாரிஸ் பூசி, அசைக்க முடியாமல் கட்டினேன். பார்த்தவர்கள் எல்லாம் தட்டிக் கொடுத்தார்கள். கேமராமேன் வந்தார், உள்ளே போனார், வெளியே வந்தார். "நான் எங்கே நிற்கிறது?" என்றார். லென்ஸுக்குப் பின்வாங்க இடமே இல்லை. யூனிட் முழுக்க வெளியே காத்திருக்க, நான் பூசிய சுவரை நானே ரம்பம் போட்டு அறுத்தேன். அந்தச் சத்தம் இன்னும் காதில் இருக்கிறது.

அதற்கப்புறம் வரையும்போதே எந்தச் சுவர் கழன்று வரணும் என்று முதலில் குறித்துவிடுவேன். ஹிட்ச்காக்கின் 'ரோப்' (1948) படத்தில் சுவர்களுக்குச் சக்கரம் வைத்திருந்தார்கள். கேமரா நகர நகர, ஆட்கள் சத்தமில்லாமல் சுவரைத் தள்ளிக்கொண்டு போவார்கள், நடிகர்கள் ஒன்றும் தெரியாதது போலப் பேசிக்கொண்டிருப்பார்கள்.

முதல் வரிசை:
'சிட்டிசன் கேன்' சொல்லாமல் விடலாமா! அதில் கேமரா கீழேயிருந்து பார்ப்பதால் கூரை வேண்டும். கூரை போட்டால் மைக் எங்கே வைப்பது? மெல்லிய துணியை இழுத்துக் கட்டிக் கூரையாக்கி, மைக்கை அதற்கு மேலே வைத்தார்கள். கேனின் அந்தப் பிரம்மாண்ட மாளிகையில் பாதி கருப்பு வெல்வெட் துணிதான். ஒரு படிக்கட்டு, ஒரு கணப்பு, நடுவில் இருட்டு. மிச்சத்தை நாம் கட்டிக்கொள்கிறோம், தலைக்குள்.

ஊசிநூல்:
இவ்வளவு நேரம் எல்லோரும் சுவரைப் பற்றியே பேசுகிறீர்கள். நான் செட்டுக்குள் பொருள் வைக்கிற வேலையில் இருக்கிறேன், என் பங்கையும் சொல்லிவிடுகிறேன்.

துணி என்றதும் நினைவுக்கு வந்தது பன்சி சந்திரகுப்தா. சத்யஜித் ராயின் கலை இயக்குநர். 'அபராஜிதோ'வுக்குக் காசி நகரத்து வீடு ஒன்றைக் கல்கத்தா ஸ்டூடியோவுக்குள் கட்ட வேண்டும். நடுவில் வானம் பார்த்த முற்றம் உள்ள வீடு. முற்றத்தில் விழும் வெளிச்சத்துக்கு நிழல் இருக்காது, ஸ்டூடியோ விளக்கைப் போட்டாலோ ஒரே ஆளுக்கு நாலு நிழல். கேமராமேன் சுப்ரதா மித்ரா முற்றத்துக்கு மேலே வெள்ளைத் துணியைக் கட்டச் செய்து, விளக்கையெல்லாம் அதன் மேல் அடித்துத் திருப்பினார். செட் என்று சொன்னால்கூட நம்ப முடியாது. 'சாருலதா'வின் வீடும் செட்தான். ஜன்னல் ஜன்னலாக ஓடித் தெருவைப் பார்க்கிற அந்தப் பெண்ணுக்காகவே வீடு போட்டதுபோல இருக்கும்.

கேமராமேனும் கலை இயக்குநரும் பேசிக்கொள்ளாத படத்தில் நான் வேலை செய்திருக்கிறேன். இவர் சுவருக்கு ஒரு நிறம் அடிப்பார், அவர் அதன் மேல் வேறு நிற வெளிச்சம் போடுவார், கடைசியில் சுவருக்கு வருவது காய்ச்சல்காரன் நிறம்.

பொருள் வைப்பதைப் பற்றி ஒன்று மட்டும். அலமாரியைத் திறக்கிற காட்சி இல்லாவிட்டாலும் உள்ளே ஏதாவது வைப்பேன். ஒரு நடிகை ஒத்திகையில் சும்மா இழுப்பறையைத் திறந்தார். உள்ளே மடித்த பழைய கடிதம், உடைந்த சீப்பு, பாதி எரிந்த மெழுகுவத்தி. சீப்பைக் கையில் எடுத்துக்கொண்டே வசனத்தைப் பேசினார். டைரக்டர் அப்படியே ஷாட்டை மாற்றிவிட்டார்.

வெட்டுக்கிளி:
ஊசிநூல் சொல்வது அழகு. ஆனால் வீட்டுக்குப் போகிற நேரத்தையும் சொல்லுங்கள் அக்கா.

ஊசிநூல்:
சொல்கிறேனே. யூனிட் வருவதற்கு முன்னால் நாங்கள் அங்கே இருக்கணும், யூனிட் போன பிறகுதான் நாங்கள் கிளம்பணும். ஒரு படம் முடிந்து அடுத்தது வரும்வரை வருமானம் இல்லை. சாரத்தில் ஏறுகிறவருக்குப் பெல்ட் கொடுக்காத செட்டிலும் நின்றிருக்கிறேன், கேட்டால் "சீக்கிரம் முடிங்க" என்பார்கள். அரைக்கோடு, வேலையை விடுவதற்கு முன்னால் ஆறு மாதச் செலவுக்குக் கையில் வைத்துக்கொள்ளுங்கள். ஓவியக் கட்டைவிட அது முக்கியம்.

மை தீர்ந்தவன்:
எல்லாம் சரி, எல்லோரும் பழங்கதை பேசுகிறோம். இன்றைக்கு 'மாண்டலோரியன்' தொடர் மாதிரி எல்.இ.டி. திரைகளாலான சுவரைச் சுற்றி நிறுத்தி, பாலைவனத்தையும் பனிமலையையும் அதிலேயே ஓட விடுகிறார்கள். பிளைவுட்டும் ஆணியும் இன்னும் எத்தனை நாளைக்கு? என் கணிப்பு, பத்து வருடத்தில் செட் என்பதே மியூசியத்தில்தான்.

கண்ணாடிப் பெட்டி:
ஒத்துக்கொள்ள மாட்டேன். அந்தச் சுவரில் என்ன ஓட வேண்டும் என்று யார் முடிவு செய்கிறார்கள்? அதே டிசைனர்தான். முன்பெல்லாம் படம் எடுத்து முடித்த பிறகு நடிகருக்குப் பின்னால் கட்டிய பச்சைத் துணி இருக்கும் இடத்தில் கணினியில் எதையாவது போட்டுக்கொள்ளலாம் என்று தள்ளிப் போட்டார்கள். இப்போது ஷூட்டிங்குக்கு முன்னாலேயே தூரத்து மலை என்ன நிறம் என்று முடிவாக வேண்டும். டிசைனருக்கு வேலை முன்னுக்கு வந்திருக்கிறது, குறையவில்லை. அதோடு நடிகர் மிதிக்கிற தரையும் சாய்கிற கம்பமும் கட்டைதான், அது எல்.இ.டி. ஆகாது.

'பாரசைட்' படத்தை எடுத்துக்கொள்ளுங்கள். அந்தப் பணக்கார வீடு நிஜ வீடு என்று நினைத்தவர்கள் ஏராளம். லீ ஹா-ஜுன் போட்ட செட் அது. கீழ்த்தளத்தைத் திறந்தவெளியில், சூரியன் எந்தப் பக்கம் வரும் என்று பார்த்துக் கட்டினார்கள். மாடியின் வெளித்தோற்றம் கணினியில் சேர்த்தது. வெள்ளத்தில் மூழ்கும் ஏழைத் தெரு முழுவதும் தண்ணீர்த் தொட்டிக்குள் போட்ட செட். இரண்டும் சேர்ந்துதான் இனி ஓடும்.

மை தீர்ந்தவன்:
சரி, பத்து வருடத்தைப் பதினைந்தாக்குகிறேன். :)

முதல் வரிசை:
நம் பக்கத்து ஆட்களை ஒருவரும் சொல்லவில்லையே. எந்த வாசல் வழியாக வந்தார்கள் என்று பார்த்தால் அரைக்கோடுக்கு உதவும். தோட்டா தரணியின் அப்பாவே கலை இயக்குநர், அவர் செட்டிலேயே வளர்ந்தவர். 'நாயகன்' படத்துக்குத் தாராவியைச் சென்னை ஸ்டூடியோவில் கொண்டுவந்து நிறுத்தித் தேசிய விருது வாங்கினார், அடுத்தது 'இந்தியன்' படத்துக்கு. பி. கிருஷ்ணமூர்த்தி சென்னை ஓவியக் கல்லூரியிலிருந்து வந்தவர், 1975-இல் ஜி.வி. ஐயரின் கன்னடப் படம் 'ஹம்சகீதெ'யில் தொடங்கினார். 'பாரதி'யில் கலைக்கும் உடைக்கும் அவரே விருது வாங்கினார், எனக்கு அதுதான் சரியான வழி என்று படும். ஆள் உடுத்தும் வேட்டியும் அவர் சாய்கிற தூணும் ஒரே கையிலிருந்து வர வேண்டும். சாபு சிரிலும் அதே ஓவியக் கல்லூரிதான். 'எந்திரன்' உட்பட நான்கு தேசிய விருது, அப்புறம் 'பாகுபலி'யின் மகிழ்மதி. முறையாகப் படித்து வருவதென்றால் புனே திரைப்படக் கல்லூரியில் இதற்கென்றே படிப்பு இருக்கிறது.

சுத்தியல்:
சேர்க்க வேண்டியது ஒன்று உண்டு. யாரிடம் உதவியாளராகச் சேருகிறீர்கள் என்பதைப் பார்த்துச் சேருங்கள். ஸ்கிரிப்டை உதவியாளர்களுக்கும் படிக்கக் கொடுக்கிறாரா என்று விசாரியுங்கள். கொடுக்காதவரிடம் பத்து வருடம் இருந்தாலும் பெயிண்டராகத்தான் வெளியே வருவீர்கள். பெயிண்டரைக் குறைத்துச் சொல்லவில்லை, என் செட்களைக் காப்பாற்றியவர்களே அவர்கள்தான்.

அரைக்கோடு:
எட்டு மாதம் கழித்து இந்தப் பக்கம் வருகிறேன். வேலையை விட்டுவிட்டேன். ஊசிநூல் அக்கா சொன்ன மாதிரி கையில் வைத்துக்கொண்டுதான் விட்டேன், அதில் பாதி கரைந்துவிட்டது. ஒருவரிடம் நாலாவது உதவியாளர். ஸ்கிரிப்ட் கொடுக்கிறார்.

நான் அளவெடுத்துப் போட்ட ஒரு படிக்கட்டு செட்டில் வந்தது. படம் பிடித்த மறுநாள் போய்ப் பார்த்தேன், பிரித்துக்கொண்டிருந்தார்கள். ஐந்து நாள் கட்டியது, ஒன்றரை மணி நேரத்தில் லாரிக்குள். ஆணியைப் பிடுங்குகிற தம்பி "நல்லா இறுக்கமா அடிச்சிருக்காங்க சார்" என்றான். எனக்கு அதுவே விமர்சனம்.

இப்போது ஓர் அவசரச் சந்தேகம். நாளைக்குள் ஒரு படுக்கையறைச் சுவர் பெயிண்ட் உரிந்ததுபோல் வேண்டும். நான் சுரண்டினால் பூனை பிறாண்டிய மாதிரி வருகிறது.

சுத்தியல்:
அடியில் பழைய நிறம் அடித்துக் காய விடுங்கள். உரிய வேண்டிய இடத்தில் மட்டும் மெழுகைத் தேய்த்துவிட்டு, மேலே புது நிறம். காய்ந்ததும் தகட்டால் தட்டினாலே செதில் செதிலாக வரும். சுவர் முழுக்க உரிக்காதீர்கள். கட்டில் எந்தப் பக்கம்?

அரைக்கோடு:
இடது பக்கம். தலைமாடு ஜன்னல் ஓரம்.

சுத்தியல்:
ஜன்னலுக்குக் கீழேதான் ஈரம் இறங்கும், உரிவது அங்கே இருக்கட்டும். உட்கார்ந்து சாய்ந்தால் தலை படுகிற இடத்தில் எண்ணெய்க் கறை வேண்டும். அவர் தனியாகப் படுக்கிறாரா, இரண்டு பேரா?

அரைக்கோடு:
முதல் பாதியில் இரண்டு பேர். அப்புறம் ஒருவர்.

சுத்தியல்:
அப்போ கறை இரண்டு. ஒன்று பழசு.